கிளைவுக்கு நாலு நகம்

சீட் பெல்ட்ட போட்டுக்கங்க சார். இந்த ஊர்ல பின்னாடி சீட்டுக்கும் கேக்கறாங்க. போன்ல நன்மாறன்னு பேரு வந்ததுமே தெரிஞ்சுபோச்சு, நம்ம ஆளுதான்னு. என் பேரு தணிகைவேல். ஆற்காடு. ஆமா, பிரியாணி ஆற்காடுதான். இங்க வந்து டாக்ஸி ஓட்ட ஆரம்பிச்சு ரொம்ப வருசம் ஆச்சு.

ஒண்ணு கேக்கறேன், தப்பா எடுத்துக்காதீங்க. ஸ்டேசன்லருந்து நேரா அந்த மண்டபத்துக்குன்னு போட்டிருக்கீங்க. அங்க இன்னிக்கு கிட்டார் கச்சேரி. வெள்ளக்காரங்க, அதுலயும் வயசானவங்க வர்ற எடம். ஒரு தமிழ் ஆளு இதுக்குன்னு லீட்ஸ்லருந்து ரயில் ஏறி வர்றாருன்னா, யாராச்சும் அனுப்பிச்சாங்களா? சும்மாதான் கேக்கறேன். ஓ, நோட்டீஸ்ல பேர பாத்தீங்களா. எழிலரசின்னு தமிழ்ப் பேரு இருந்துச்சு, யாருன்னு பாக்கலாம்னு டிக்கெட் எடுத்தீங்க. படிக்கிற புள்ள, பொழுது போகல. சரி. நம்பறேன்.

அந்த எழிலரசி என் சம்சாரம்.

ரோட்ட தோண்டிப் போட்டிருக்கானுங்க சார், மலையைச் சுத்திதான் போவணும். அதுக்குள்ள சொல்லிடறேன். ஏன் உங்ககிட்ட சொல்றேன்னா, காரணம் இருக்குது. கடைசில சொல்றேன்.

எழிலு மார்க்கெட் கட்டடத்துக்குள்ள சின்னதா ஒரு கடை வச்சிருக்கா. புருவம் எடுக்கறது, நகம் வைக்கிறது. இந்தப் பக்கம் சீஸ் விக்கிறவன், அந்தப் பக்கம் செல்போன் ரிப்பேர். பொம்பளைங்க மட்டும் வர்ற கடை. அதனாலதான் வச்சுக்கோன்னு நானும் ஒத்துகிட்டேன். போன வருசம் குளிர்ல ஒரு நாள், டிரிப் ஒண்ணும் இல்லையேன்னு எட்டிப் பாத்தேன். ஆறடி உசரத்துல ஒரு கெழவன். நரைச்ச முடிய ரப்பர் பேண்ட் போட்டு பின்னாடி கட்டிகினு, என் பொண்டாட்டி முன்னாடி கைய நீட்டிகினு உக்காந்திருக்கான். அவ அந்தக் கைய புடிச்சிகினு இருக்கா.

நான் சீஸ் வாங்கற மாதிரி தூணுக்குப் பின்னாடி நின்னுட்டேன். அந்த நாத்தத்துல எவ்ளோ நேரம் நின்னேன்னு கேக்காதீங்க. பாத்தா, அவனுக்கு நகம் வச்சிகினு இருக்கா. வலது கையில மட்டும். கட்டை விரலு, அடுத்த மூணு விரலு, அவ்ளோதான். சுண்டு விரல்ல இல்ல. இடது கையில சுத்தமா இல்ல, சதையோட ஒட்ட வெட்டி வச்சிருக்கான். நீங்களே சொல்லுங்க சார், ஒரு ஆம்பள, எழுபது தாண்டுனவன், ஒரு கைக்கு மட்டும் நாலு நகம் வச்சிகினு போறான்னா மனுசனுக்கு சந்தேகம் வருமா வராதா?

அன்னிக்கு வீட்ல கேட்டேன். யாரு அவன்? அவ தோசைய திருப்பிகினே சொல்றா, அவரு கிட்டார் வாசிக்கிறவருங்க, நகத்தாலதான் கம்பிய மீட்டுவாராம், வயசானதால நகம் உடைஞ்சு போவுது, அதான் வச்சுக்கிறாருன்னு. நான் உள்ளுக்குள்ள சிரிச்சிகினேன். எங்க ஆற்காட்டுல மெல்லிசைக் குழுவுல ஒருத்தன் கிட்டார் வாசிப்பான். கையில சின்னதா ஒரு பிளாஸ்டிக் துண்டு வச்சிருப்பான். அது போதும் அவனுக்கு. நகமாவது கிகமாவது. சரி, பேரு இன்னான்னு கேட்டேன். கிளைவ்னா.

கிளைவ்! சார், நான் ஆற்காட்டுக்காரன். எங்க ஊரு கோட்டை வாசல், டெல்லி கேட்டுன்னு பேரு, அதுக்கு மேல ஒரு ரூமு இருக்குது, அதுலதான் அந்தப் பழைய கிளைவ் தங்கினான்னு சொல்லி பள்ளிக்கூடத்துல வரிசையா கூட்டிகினு போய் காட்டுவாங்க. யாவாரம் பண்ண வந்தேன்னு சொல்லிட்டு கோட்டைய புடிச்சவன். அந்தப் பேரோட ஒருத்தன் வந்து நகம் வைக்க வந்தேன்னு சொன்னா நான் நம்பணுமா?

விசாரிச்சேன். எங்க டாக்ஸி ஆபீசுல ஷீலான்னு ஒரு அம்மா போன எடுப்பாங்க, இந்த ஊர்லயே பொறந்து வளந்தவங்க. கிளைவ் ராம்ஸ்டனான்னு கேட்டதுமே அவங்க மூஞ்சி ஒரு மாதிரி ஆச்சு. ஒரு காலத்துல எவ்ளோ பெரிய ஆளு தெரியுமான்னாங்க. அப்பா அதோ தெரியுது பாருங்க புகைக்கூண்டு, அந்த மில்லுல நெசவு. பையன் கப்பல்ல வேல செஞ்ச ஒருத்தன்கிட்ட பழைய கிட்டார் வாங்கி தானா கத்துகிட்டானாம். லண்டனுக்குப் போனானாம். மைக்கும் இல்ல, கரண்டும் இல்ல, வெறும் மர கிட்டாரும் அவன் கொரலும். ஊரு ஊரா பழைய பாட்டுங்கள தேடிப் புடிச்சி, விவசாயம் பண்றவன், மீன் புடிக்கிறவன், ஜெயிலுக்குப் போனவன், இவங்க பாட்டெல்லாம் பாடுவானாம். ரெக்கார்டு போட்டானாம். ஜெர்மனிக்குப் போனானாம், வேன்லயே தூங்கினானாம்.

எங்க வாசிச்சான்னு கேட்டேன். பப்புக்கு மேல மாடியிலன்னாங்க. சாராயக் கடை மாடியில வாசிச்சவன் பெரிய ஆளா சார்? நமக்கு சபா தெரியும், கோயில் திருவிழா தெரியும். இது இன்னா கணக்கு?

அப்புறம் வழக்கமான கததான். மாடியில வாசிச்சவன் கீழ வந்து குடிச்சான். பொண்டாட்டி போயிட்டா. கிட்டார ஒரு மூலையில சாத்திட்டு பள்ளிக்கூட பஸ் ஓட்டினானாம், வருசக்கணக்கா. ஷீலாவோட பையனே அந்த பஸ்ல போயிருக்கான், டிரைவர் பாடுவாருன்னு அவனுக்குத் தெரியாது. அப்புறம் எவனோ காலேஜ் பையன் பழைய ரெக்கார்ட கேட்டுட்டு தேடிகினு வந்தானாம். கிளைவ் குடிய விட்டுட்டு திரும்ப வாசிக்க ஆரம்பிச்சப்ப அறுபது தாண்டியாச்சாம். நகம் போச்சு. டேபிள் டென்னிஸ் பந்து இருக்குதில்ல, அத கத்திரியால வெட்டி விரல்ல பசை போட்டு ஒட்டிகினு வாசிப்பானாம். ஒரு தடவ நடுப்பாட்டுல அது பிச்சிகினு போய் முன்னாடி உக்காந்திருந்த அம்மாவோட பீர் கிளாசுல விழுந்துச்சாம். அதுக்கப்புறம்தான் நகக் கடைக்கு வந்தானாம்.

பந்தையா ஒட்டுவாங்க? ஷீலாவும் அவனுக்குக் கூட்டுன்னு முடிவு பண்ணிட்டேன்.

இதுல இன்னொண்ணு சார். எழிலு மாறிட்டா. எப்படி சொல்றது. மொணமொணன்னு பாட ஆரம்பிச்சுட்டா. பாத்திரம் கழுவும்போது, துணி மடிக்கும்போது. கல்யாணமான புதுசுல அப்படித்தான் இருப்பா, எந்நேரமும் பாட்டு. அவங்கம்மா நடவு வேலைக்குப் போவாங்க, அந்தப் பழக்கம் இவளுக்கு. நானா ஒண்ணும் தடுக்கல. பக்கத்து வீட்டுக்காரன் ஜன்னலாண்ட வந்து நின்னு கேக்கறான், மெதுவா பாடுன்னுதான் சொன்னேன். அதுல இன்னா தப்பு? அவளா நிறுத்திட்டா. பொண்ணு பொறந்தப்பகூட டிவி பாட்டு போட்டுதான் தூங்க வச்சா. இப்ப பொண்ணும் காலேஜுக்குன்னு வெளியூர் போயிட்டா, வீடு அமைதியா இருந்துச்சு. திடீர்னு பாட்டு. எதுனால? யாருக்காக? நான் உள்ள வந்தா நிறுத்திடுவா. கதவுக்குப் பின்னாடி நின்னு கேட்டுப் பாத்தேன். செருப்ப கழட்டி கையில புடிச்சிகினு, ஆமா. அப்பவும் நிறுத்திடுவா. எப்படித்தான் தெரியுமோ.

பயம் சார். வேற இன்னா. இந்த ஊர்ல எனக்கு அவள விட்டா ஆளு கெடையாது. போயிட்டான்னா நான் இன்னா பண்ணுவேன்? அந்தக் கெழவனோட பொண்டாட்டி போன மாதிரி இவளும் போயிட்டா? யாருகிட்டயாவது சொல்ல முடியுமா இத? அதனால கேள்வியாக் கேட்டேன். எங்க போன, யாரு வந்தாங்க, போன்ல யாரு, ஏன் லேட்டு. அவ எல்லாத்துக்கும் பதில் சொல்லுவா. மூஞ்சியப் பாக்காம சொல்லுவா.

ஒரு ஞாயித்துக்கிழமை கடைக்கு சரக்கு வாங்கணும்னு கிளம்பிப் போனா. மத்தியானம் இம்ரான் போன் பண்றான். எங்கூட வண்டி ஓட்டறவன், மீர்பூர்காரன், நல்லவன். அண்ணா, உன் வீட்டம்மாவ இப்பதான் மேட்டுத் தெரு பப்புல எறக்கி விட்டேன், கூட ஒரு நீளமுடி கெழவன், கையில கிட்டார் பெட்டி, ரெண்டு பேரும் மாடிக்குப் போனாங்கன்றான். வண்டியில பாசஞ்சர் இருந்தாரு. அவர எறக்கி விட்டேனா இல்ல அவரா எறங்கிட்டாரான்னே ஞாபகம் இல்ல.

படி ஏறினேன். குறுகலான மரப்படி. கைய மடக்கி வச்சிகினு ஏறினேன், யார அடிக்கப் போறேன்னு எனக்கே தெரியாது. மேல கதவாண்ட ஒரு கெழவி உக்காந்து ஸ்வெட்டர் பின்னிகினு இருந்தாங்க. உள்ள போறேன், அந்தம்மா எழுந்து என் நெஞ்சு மேல கைய வச்சி நிறுத்திட்டாங்க. பாட்டு நடக்குதுப்பான்னாங்க, காதோட. பாட்டு நடக்கும்போது யாரும் உள்ள வரக் கூடாதாம், வெளிய போவவும் கூடாதாம். முடியற வரைக்கும் நின்ன எடத்துல நிக்கணும். அதான் அவங்க வழக்கமாம். எவ்ளோ பெரிய ஆளா இருந்தாலும். அந்தம்மாவுக்கு என் நெஞ்சு அடிச்சது கையில தெரிஞ்சிருக்கும். எடுக்கவே இல்ல கைய.

அதனால வாசப்படியில நின்னேன். உள்ள சின்ன ரூமு. பழைய நாற்காலிங்க, எல்லாம் நரைச்ச தலைங்க. பீர வச்சிகினு ஒரு சத்தம் இல்ல. கிளைவ் ஒரு ஸ்டூல்ல. பக்கத்துல இன்னொரு ஸ்டூல்ல எழிலு. கார்டிகன் போட்டுகினு, கைய மடியில வச்சிகினு.

அவன் ஒவ்வொரு பாட்டுக்கும் கம்பிய திருப்பித் திருப்பி வேற வேற சுருதிக்கு கட்டறான் சார். வாசிக்கிறத விட அதுக்குத்தான் நேரம் ஜாஸ்தி. கட்டிகினே பேசறான். இந்தப் பாட்ட நான் துறைமுகத்துல மீன் அறுக்கற ஒரு அம்மாகிட்ட கேட்டேன், அவங்களுக்கு அவங்க சித்தி சொன்னது, சித்திக்கு ஒரு சமையக்காரி சொன்னதுன்றான். பத்திரம் பதியற எடத்துல மூலப்பத்திரம் படிப்பாங்க இல்ல, அந்த மாதிரி. யாரோட பாட்டுன்னு சொல்லாம பாடவே மாட்டானுங்களாம். அந்த நகத்தால ஆரம்பிச்சான். சார், நான் அந்த ஆள இன்னிக்கும் முழுசா நம்பல. ஆனா அந்த நகம் வாசிக்கத்தான் வச்சிருக்கான், அது நெஜம். கட்ட விரலு ஒரு வேல பண்ணுது, மத்த மூணும் வேற வேல பண்ணுது. ரெண்டு பேரு வாசிக்கிறானுங்களான்னு நான் அவனுக்குப் பின்னாடி பாத்தேன். என் பொண்டாட்டி வச்ச நகம் அது.

அந்தப் பாட்டு முடிஞ்சதும் உள்ள போயிருக்கலாம். கெழவியும் கைய எடுத்துட்டாங்க. ஆனா அவன் அடுத்ததுக்கு கம்பிய கட்டிகினே சொல்றான், இந்தப் பாட்டு ஆற்காடு எழிலரசியோடது, அவங்க அம்மா வயல்ல வேல செய்யும்போது பாடின மெட்டு, வார்த்தை இவங்களே கட்டினது, இவங்க மெட்டுக்கு என் கம்பிய புதுசா கட்டறதுக்கு மூணு மாசம் ஆச்சுன்றான். ஆற்காடுன்னு அவன் வாயில வந்ததும் நான் வாசப்படியிலயே நின்னுட்டேன்.

எங்க பக்கத்துல நடவு நடும்போது வரப்புல எவனாவது வந்து நின்னா அவனப் பத்தியே கட்டிப் பாடுவாங்க சார். பண்ணையாரா இருந்தாலும் சரி. மூஞ்சிக்கு நேரா கிழிப்பாங்க. அவன் கோச்சிக்கக் கூடாது. தோள்ல இருக்கற துண்டையாவது குடுத்துட்டுத்தான் போவணும். எழிலு பாடினா. கண்ண மூடிகினு.

வரப்பு மேல நிக்கிற மாமா
வாய்க்கா தண்ணி கூப்புடுது
எட்டி எட்டிப் பாத்த கண்ணு
எறங்கி வந்து பாக்குமா

இதுதான் திரும்பத் திரும்ப வர்றது. அது வரும்போதெல்லாம் அந்த ரூமே கூடச் சேந்து பாடுது. வெள்ளக்காரங்க சார், மில்லுக்காரங்க புள்ளைங்க, ஒரு எழுத்து அர்த்தம் தெரியாது, வரப்பு மேல நிக்கிற மாமான்னு கண்ண மூடிகினு உருகறாங்க. ஸ்வெட்டர் பின்ற அம்மாவும் பாடறாங்க. நான் வாசப்படி மேல நிக்கிறேன். நடுவுல ஒரு நாலு வரி வருது.

போன் அடிச்சா யாருன்னு கேக்கும்
பொழுது சாஞ்சா ஏன்னு கேக்கும்
பக்கத்துலயே படுத்திருக்கேன்
பசிச்சுதான்னு கேக்குமா

அந்த ரூமுல அது புரிஞ்ச ஆளு ரெண்டே பேருதான். பாடினவ ஒருத்தி. இன்னொருத்தன் நான். அவமானம்னு சொல்றதா, இன்னான்னு சொல்றது. காறித் துப்பியிருந்தாகூட தொடச்சிகினு போயிருப்பேன்.

கை தட்டினாங்க. கிளைவ் சொல்றான், இதுக்கு அர்த்தம் கேட்டு கேட்டு அலுத்துட்டேன், எழில் சொல்லவே மாட்டேன்றாங்கன்னு. அப்ப பாத்து கதவாண்ட இருந்த அம்மா என் முதுகத் தட்டி, இதோ இங்க ஒருத்தர் இருக்காரு, உங்க ஊரு ஆளு மாதிரி இருக்காரேன்னாங்க. மொத்தத் தலையும் திரும்புச்சு. எழிலு கண்ண தொறந்து பாத்தா.

அவ பயந்திருந்தா எனக்குக் கொஞ்சம் தெம்பா இருந்திருக்கும். பயப்படல சார். சொல்லிக்கோன்ற மாதிரி சும்மா பாத்தா. என்ன நேருக்கு நேரா பாக்கற மூஞ்சி. அந்த மூஞ்சிய நான் பாத்து எவ்ளோ வருசம் ஆச்சுன்னு தெரியல. கிளைவ் கேட்டான், நீங்க சொல்ல முடியுமா சார், இந்தப் பாட்டு எதப் பத்தின்னு.

"மழையப் பத்தி" அப்படின்னேன். இங்கிலீசுலதான். அப்புறம் நிறுத்த முடியல, இன்னும் சொன்னேன். விவசாயம் பண்றவங்க மழைக்குக் காத்துகினு இருக்காங்க, மழைய கூப்புடறாங்க, அதான் பாட்டுன்னு.

"மழையா, அத இங்க வேணும்ங்கற அளவுக்குத் தர்றோம்" அப்படின்னான் கிளைவ். எல்லாரும் சிரிச்சாங்க. எழிலு சிரிக்கல. கீழ குனிஞ்சிகினா.

வண்டியில கூட்டிகினு வந்தேன். வீட்டுத் தெரு திரும்பும்போது கேட்டா.

"மழையா?"

"வேற இன்னா சொல்லச் சொல்ற?"

"இல்ல. நல்லாத்தான் இருந்துச்சு."

அவ்ளோதான் பேசினது. அதுக்கப்புறம் அதப் பத்தி அவளும் எடுக்கல, நானும் எடுக்கல.

ஆனா கிளைவ் விடல. அவனுக்கு யாரு சொன்னாங்கன்னு சேத்துச் சொன்னாத்தான் ஆவும். எந்த மாடிக்குப் போனாலும், இது ஆற்காடு எழிலரசியோட பாட்டு, மழைப் பாட்டு, அர்த்தம் சொன்னவரு அவங்க வீட்டுக்காரர் தணிகைவேல்னு சொல்லித்தான் ஆரம்பிக்கிறான். மாடியில இருந்து இப்ப மண்டபத்துக்கு வந்தாச்சு. எம்பேரும் கூடவே வருது.

அதுக்காக நான் கண்ண மூடிகினு இல்ல சார். கண்காணிப்பு கண்காணிப்புதான். மத்தியானம் கடைக்குப் போயிடுவேன். வெறும் கையோட போனா வேவு பாக்க வந்தான்னு தெரிஞ்சிடும் இல்ல? அதனால டிபன் பாக்ஸ்ல எதாவது கட்டி எடுத்துகினு போவேன். சாப்பிட்டியான்னு கேட்டுகினே அப்படியே சுத்துமுத்தும் ஒரு பார்வ. கெழவன் இருந்தா அவனுக்கும் ரெண்டு வாய். பக்கத்துல இருந்து பாத்தாத்தானே தெரியும். எலுமிச்ச சாதம்னா புடிக்குது அவனுக்கு. கெட்டிக்காரன், நகம் வச்ச கையில சாப்பிட மாட்டான், ஸ்பூன் கேப்பான்.

இப்ப புதுசா ஒரு சந்தேகம். கேளுங்க. போன மாசத்துலருந்து அந்தப் பாட்டுல நாலு வரிய விட்டுட்டா. அந்தப் போன் அடிச்சான்னு ஆரம்பிக்கிற வரி. பசிச்சுதான்னு கேக்குமான்னு வருமே, அதான். மத்ததெல்லாம் பாடறா, அத மட்டும் பாடறதில்ல. நானும் ஒவ்வொரு தடவையும் காத கூர்மையா வச்சிகினு நிக்கிறேன், வரல. மறந்துட்டாளா? கட்டினவ மறப்பாளா? அந்தக் கெழவன் எதாச்சும் சொல்லி எடுக்க வச்சானா? எதுக்கு எடுத்தா? கேக்கலாம்னா வாய் வர மாட்டேன்னுது.

எதுக்கு சார் சிரிக்கறீங்க? கண்ணாடியில தெரியுது. உங்களுக்கு எதாவது தெரியுமா? இல்லன்றீங்க. சரி. சிரிக்கறவங்கள நான் அவ்ளோ சீக்கிரம் நம்பறதில்ல, பாத்துக்கங்க.

வந்தாச்சு. அதோ வரிசையா நிக்கிறாங்க பாருங்க, அதான் வாசல். அந்தப் பை மேல காலு படப்போவுது, ஜாக்கிரதை, உள்ள டிபன் பாக்ஸ் இருக்குது. பாடறதுக்கு முன்னாடி ஒண்ணுமே சாப்பிட மாட்டா. நான் வண்டிய ஓரமா போட்டுட்டு வர்றேன். உள்ள உக்கார மாட்டேன், கதவாண்டதான் நிப்பேன்.

காரணம் சொல்றேன்னேனே. இந்த ஊர்ல இதுவரைக்கும் அந்தப் பாட்டு புரிஞ்சவங்க ரெண்டு பேருதான். இன்னிக்கு நீங்க மூணாவது. பக்கத்து சீட்டுல எதாவது கெழவி இருப்பாங்க, உங்க மூஞ்சியப் பாத்ததும் கண்டிப்பா கேப்பாங்க, என்னப்பா அர்த்தம்னு. நீங்க படிச்சவரு, வார்த்தைக்கு வார்த்தை சொல்லத் தோணும். வேணாம் சார். உங்க கையப் புடிச்சிக் கேக்கறேன்.

மழைன்னு சொல்லிடுங்க.